மெமரி ஸ்டிக்கில் ஓசியாக வந்த ஆட்டங்கள்

போன மாதம் அக்கா மகன் வீட்டுக்கு வந்திருந்தபோது என் பழைய பிஎஸ்பியை, அதாவது சோனியின் கையடக்க கேம் கருவியை, எடுத்துக் காட்டினேன். பேட்டரி உப்பிப்போய்ப் பின்மூடியைத் தள்ளிக்கொண்டு நின்றது, அதனால் அதைக் கழற்றி வைத்துவிட்டு சார்ஜர் வயரிலேயே ஓட்டினேன். குவேக் ஓடியது. பழுப்புச் சுவர்கள், கட்டைகட்டையான பூதங்கள், திரும்பும்போதெல்லாம் லேசாகத் திக்கும் படம். இரண்டு நிமிடம் பார்த்துவிட்டு, "இது போன்லயே ஓடுமே மாமா, எதுக்கு இதுல விளையாடணும்?" என்று கேட்டான்.

நியாயமான கேள்விதான். குவேக் 1996-இல் வந்த, பூதங்களைச் சுட்டுத் தள்ளும் ஆட்டம், இன்றைக்கு இருக்கிறதிலேயே மலிவான போனிலும் இதைவிடச் சுத்தமாக ஓடும். ஆனால் நான் அவனுக்குக் காட்ட நினைத்தது அந்தப் பிஎஸ்பிக்குள் இருந்த அந்தக் குவேக்கை. அது என்ன வித்தியாசம் என்று அப்போது வாயில் வரவில்லை. "சும்மாதான்டா" என்று சொல்லி வாங்கி வைத்துவிட்டேன். அவனுக்குச் சொல்லாமல் விட்டதைத்தான் இங்கே எழுதுகிறேன், கொஞ்சம் நீளமாகவே போகும்.

முதலில் சொற்களைத் தெளிவு பண்ணிக்கொள்வோம், ஏனென்றால் அன்றைக்கு எங்கள் ஊரில் எல்லாவற்றுக்கும் ஒரே பேர்தான்: "கேம் ஏத்துறது". அதற்குள் மூன்று தனித்தனிச் சமாச்சாரங்கள் இருந்தன. கடையில் விற்கும் யுஎம்டி (பிஎஸ்பிக்கென்றே சோனி செய்த சின்ன வட்டு) ஆட்டத்தின் நகலை ஐஎஸ்ஓ கோப்பாக்கி மெமரி ஸ்டிக்கில் போட்டுக்கொள்வது ஒன்று. அது திருட்டு நகல், அதைச் சுற்றி வளைத்துச் சொல்ல ஒன்றுமில்லை. எமுலேட்டர் இன்னொன்று, அதாவது வேறொரு கருவியைப் போலவே நடிக்கிற நிரல். உள்ளே ஓடும் ஆட்டத்துக்குத் தான் வேறு வீட்டில் குடியிருப்பதே தெரியாது. மூன்றாவதுதான் போர்ட். வேறொரு கருவிக்கு எழுதிய ஆட்டத்தின் மூலநிரலை, அதாவது ஆள் எழுதிய நிரல் வரிகளை எடுத்து, இந்தக் கருவியின் அளவுக்கு மாற்றி, புதிதாகக் கம்பைல் செய்து, அதாவது கருவிக்குப் புரியும் வடிவமாக்கி, ஓட்டுவது. கம்பெனியின் அனுமதி இல்லாமல் தனி ஆட்கள் தங்கள் ஆசைக்காக இப்படிச் செய்வதெல்லாம் ஹோம்ப்ரூ என்ற பெயரில் வரும்.

மதுரைக்காரர்களுக்குச் சொல்வதென்றால், புதுமண்டபத்தில் தூண்களுக்கு நடுவே மெஷின் போட்டு உட்கார்ந்திருந்த தையல்காரர்களை நினைத்துக்கொள்ளுங்கள். அண்ணன் சட்டையைக் கொண்டுபோய்க் கொடுத்தால் பிரித்து, வெட்டி, தம்பி அளவுக்குத் தைத்துக் கொடுப்பார்கள். துணி அதேதான், சட்டை வேறு. தோள் கொஞ்சம் தொங்கும், பாக்கெட் இடம் மாறியிருக்கும், ஆனாலும் தம்பி உடம்பில் ஏறும். எமுலேட்டர் என்பது தம்பியை அண்ணன் மாதிரி பஞ்சு வைத்துத் தைத்து, அதே பழைய சட்டையை மாட்டி விடுவது. உவமை கொஞ்சம் இழுவைதான், ஆனால் பின்னால் தேவைப்படும்.

2008-இல் பெரியப்பா மகன், எங்கள் அண்ணன், சிங்கப்பூரிலிருந்து வரும்போது ஒரு பிஎஸ்பி கொண்டுவந்து கொடுத்தார். ஸ்லிம் என்று சொல்வார்களே, அந்த 2000 மாடல். கூட வந்தது ஒரே ஒரு யுஎம்டி, கார் ரேஸ். அதையே மூன்று மாதம் ஓட்டிச் சலித்த பிறகு பள்ளிக்கூடத்து மாப்ள ஒருத்தன் மீனாட்சி பஜாருக்குக் கூட்டிக்கொண்டு போனான். இரண்டு பேர் சேர்ந்து நிற்க முடியாத கடை. ரிமோட், சார்ஜர், போன் கவர் எல்லாம் தோரணமாகத் தொங்க, அதற்கு நடுவே ஒரு அண்ணன். செட்டைப் பிளாஷ் பண்ண 300, ஸ்டிக் நிறைய கேம் ஏத்த 200. சாப்பிட்டுவிட்டு வரச் சொன்னார். போய் வந்தபோது ஸ்டிக்கில் மூன்று பெரிய ஆட்டங்கள் ஏறியிருந்தன. அதற்கு மேல் இன்னொரு பெரிய ஆட்டத்துக்கு இடமில்லை. "கொஞ்சம் எடம் மிச்சம் கெடக்கு தம்பி, சின்னச் சின்ன கேமெல்லாம் சும்மா போட்டு விட்டிருக்கேன்" என்றார்.

அந்தச் "சும்மா"தான் இந்தக் கட்டுரை. டூம், குவேக், டியூக் நூகெம், கேவ் ஸ்டோரி, நாலும் போர்ட்கள். காசு கொடுத்து ஏற்றிய மூன்றில் இரண்டின் பெயரே இப்போது எனக்கு நினைவில்லை.

அந்த அண்ணன் என்ன செய்தார் என்பது எனக்குப் பல வருஷம் கழித்துத்தான் புரிந்தது. பிஎஸ்பி 2004 டிசம்பரில் ஜப்பானில் வந்தது. அதில் ஓடும் எந்த நிரலும் சோனியின் டிஜிட்டல் கையெழுத்தோடு இருக்க வேண்டும் என்பதுதான் ஏற்பாடு. ஆனால் முதல் ஃபர்ம்வேரான (கருவிக்குள்ளேயே இருக்கும் அடிப்படை மென்பொருள்) 1.00 கையெழுத்தைச் சரியாகக் கேட்கவே இல்லை, கதவு திறந்தே கிடந்தது. 1.50-இல் கேட்க ஆரம்பித்தது, அதற்கும் ஒரு குறுக்குவழி கண்டுபிடித்தார்கள்: ஒரே நிரலை இரண்டு ஃபோல்டராகப் பிரித்து, ஒன்றின் பெயருக்குப் பின்னால் சதவீதக் குறி போட்டால் கருவி ஏமாந்துவிடும். 2.00-க்கு ஒரு டிஃப் படக் கோப்பு, படத்தைத் திறந்தால் நினைவகம் நிரம்பி வழிந்து, வழிந்த இடத்தில் நம் நிரல் ஓடும். அப்புறம் லிபர்ட்டி சிட்டி ஸ்டோரீஸ் ஆட்டத்தின் சேவ் கோப்பு, அப்புறம் லுமினஸ் ஆட்டத்தின் சேவ் கோப்பு. சோனி ஒவ்வொரு ஓட்டையாக அடைத்து, புது ஃபர்ம்வேரைப் புது யுஎம்டியோடு சேர்த்து அனுப்பும். புது ஆட்டம் ஆட வேண்டுமென்றால் அப்டேட் பண்ணியே தீர வேண்டும், பண்ணினால் ஹோம்ப்ரூ போச்சு. இந்த இழுபறிக்கு நடுவில் டார்க் அலெக்ஸ் என்ற புனைபெயரில் ஸ்பெயினைச் சேர்ந்த ஒருவர் சோனியின் ஃபர்ம்வேரையே மாற்றி எழுதி, புது ஆட்டமும் ஓடும் ஹோம்ப்ரூவும் ஓடும் என்று ஆக்கிக் கொடுத்தார். அந்த ஃபர்ம்வேரின் எம்33 என்ற பெயரைப் பார்த்தவர்களுக்கு இப்போதும் ஒரு சின்னச் சிலிர்ப்பு வரும்.

எங்கள் பஜார் அண்ணனிடம் இருந்த ஆயுதம் பண்டோரா பேட்டரி. 2007 ஆகஸ்டில் வெளியான வித்தை. பிஎஸ்பி பேட்டரிக்குள் சின்னதாக ஒரு நினைவக சிப் உண்டு, அதில் பேட்டரியின் வரிசை எண் இருக்கும். அந்த எண்ணை ஒரு குறிப்பிட்ட மதிப்புக்கு மாற்றிவிட்டால், கருவி தன்னை சர்வீஸ் சென்டருக்கு வந்த செட் என்று நினைத்துக்கொண்டு, உள்ளே இருக்கும் ஃபர்ம்வேரை விட்டுவிட்டு மெமரி ஸ்டிக்கிலிருந்து பூட் ஆகும். சிப்பின் ஒரு காலை மட்டும் கத்தி நுனியால் நிமிர்த்திவிட்டாலும் அதே பலன். அதாவது சோனியின் ரிப்பேர்காரர்களுக்காக வைத்த பின்வாசல் வழியாகத்தான் ஊரே உள்ளே போனது. பிற்பாடு வந்த 2000 மாடல்களின் மதர்போர்டிலும், 3000 மாடலிலும் இந்த வாசலையும் அடைத்துவிட்டார்கள். என்னுடையது அதற்கு முந்தைய மதர்போர்டு, அதிர்ஷ்டம். பேட்டரியைப் போட்டவுடன் பச்சை விளக்கு எரிந்ததும் அண்ணன் "ஏறிருச்சு" என்று சொன்னது இன்னும் காதில் இருக்கிறது.

சரி, போர்ட்டுக்கு வருவோம். ஏன் எங்கே பார்த்தாலும் டூம்? ஃபிரிட்ஜில் டூம், கால்குலேட்டரில் டூம் என்று இன்றைக்குக் கேலியாகவே ஆகிவிட்டது. காரணம் வெறும் பிரபலம் இல்லை. 1993-இல் வந்த, குவேக் மாதிரியே சுடும் ஆட்டமான டூமின் மூலநிரலை அதைச் செய்த இட் சாஃப்ட்வேர் 1997 டிசம்பரில் வெளியே விட்டது, 1999-இல் ஜிபிஎல் என்ற, யாரும் எடுத்து மாற்றிப் பகிரலாம் என்கிற உரிமத்துக்கும் மாற்றியது. அது பெரும்பாலும் சி மொழியில் எழுதியது. டூமை உருவாக்கியதே நெக்ஸ்ட் கணினிகளில், விற்றது டாஸ் கணினிகளுக்கு; இரண்டிலும் ஓட வேண்டியிருந்ததால் திரையில் படம் போடுவது, சத்தம் எழுப்புவது, நேரம் பார்ப்பது ஆகிய கருவி சார்ந்த வேலைகளை மட்டும் தனிக் கோப்புகளில் பிரித்து வைத்திருந்தார்கள். போர்ட் செய்கிறவர் அந்த ஏழெட்டுக் கோப்புகளைத் தன் கருவிக்கு எழுதினால் போதும், மீதியைத் தொடவே வேண்டாம். அதைவிட முக்கியமான ஒன்று, டூம் தசமப் புள்ளிக் கணக்கே போடுவதில்லை. 32 பிட் எண்ணில் பாதியை முழு எண்ணாகவும் பாதியைப் பின்னமாகவும் வைத்துக்கொண்டு வெறும் முழு எண் கணக்கிலேயே சமாளிக்கும், ஏனென்றால் அன்றைய 386 கணினிகளில் தசமக் கணக்குக்குத் தனிச் சில்லு இருப்பது அபூர்வம். பத்து வருஷம் கழித்துக் கைக்கருவிகள் வந்தபோதும் பலவற்றில் அந்தச் சில்லு இல்லை. ஏழைக் கணினிக்காகச் செய்த சிக்கனம் ஏழைக் கைக்கருவிக்கும் அப்படியே கைகொடுத்தது. டூமுக்குக் கணினியில் குறைந்தது 4 எம்பி ராம் வேண்டும் என்று பெட்டியில் போட்டிருந்தது. 2004-இல் வந்த நின்டெண்டோ டிஎஸ் கைக்கருவியின் ராம் சரியாக 4 எம்பி.

இன்னொரு நல்ல காரியமும் நடந்தது. டூமில் நிரல் தனி, படங்களும் சத்தங்களும் வரைபடங்களும் தனி, வாட் என்ற ஒரே கோப்பில் எல்லாம் மூட்டையாக இருக்கும். இலவசமாக வெளியிட்ட முதல் பாகத்தின் வாட் கோப்பு ஒன்று உண்டு, அதை வைத்தே சட்டத்துக்கு உட்பட்டு விளையாடலாம். வாட் கோப்பைத் திறந்து உள்ளே இருப்பதை மாற்றவும் கணினியில் நிறைய கருவிகள் இருந்தன. எங்கள் செட்டில் செல்லூர்க்காரன் ஒருத்தன், அவனுக்கு இதில் பைத்தியம். வீட்டில் அவன் அம்மா "டேய், சோறு ஆறுதுடா, வாடா" என்று கூப்பிடுவதை நோக்கியா போனில் பதிந்து, அதை 8 பிட்டுக்கும் 11,025 ஹெர்ட்ஸுக்கும் இறக்கி (டூமுக்கு அந்த அளவுதான் பிடிக்கும்), இம்ப் என்ற பூதம் நம்மைக் கண்டதும் உறுமும் சத்தத்துக்குப் பதிலாக வைத்துவிட்டான். இருட்டு அறைக்குள் நுழைகிறோம், மூலையிலிருந்து "சோறு ஆறுதுடா". பயம் என்றால் அதுதான் பயம். கதவு திறக்கும் சத்தத்துக்கு டவுன் பஸ் பிரேக். எங்கள் நாலு பேர் ஸ்டிக்கிலும் அதுதான் ஓடியது. பஜார் அண்ணனிடம் காட்டியபோது கண்ணில் நீர் வருகிற அளவு சிரித்துவிட்டு, தன் ஹார்ட் டிஸ்க்கிலும் ஒரு காப்பி போட்டுக்கொண்டார். அதற்கப்புறம் மதுரையில் எத்தனை பேருக்கு அதை ஏற்றி விட்டாரோ. அந்த அம்மா இப்போதும் செல்லூரில்தான் இருக்கிறார், அதே குரலில்தான் கூப்பிடுகிறார், விஷயம் இன்றுவரை அவருக்குத் தெரியாது.

குவேக் வேறு ஜாதி. அதன் மூலநிரல் 1999 டிசம்பரில் வந்தது. முழுக்க முப்பரிமாணம், தசமக் கணக்கு இல்லாமல் ஒரு அடி நகராது, பென்டியம் கணினியை மனதில் வைத்து எழுதியது. பிஎஸ்பியின் செயலியில் தசமக் கணக்குக்கு வன்பொருள் உண்டு, ஆனால் ஒற்றைத் துல்லியத்துக்கு (32 பிட் எண்) மட்டும். இரட்டைத் துல்லியம் (64 பிட் எண்) என்றால் எல்லாவற்றையும் மென்பொருளிலேயே போட்டாக வேண்டும், ஆமை வேகம். சி மொழியில் வெறுமனே 1.0 என்று எழுதினால் அது இரட்டைத் துல்லியம், அதன் வாலில் எஃப் என்று ஓர் எழுத்தைச் சேர்த்தால்தான் ஒற்றை. நிரல் முழுக்க எங்கெங்கோ சிதறிக் கிடக்கும் இந்த வால் இல்லாத எண்களைத் தேடிப் பிடிப்பதே பிஎஸ்பியில் போர்ட் செய்தவர்களின் பாதி வேலை. இதில் இன்னொரு வேடிக்கை. பிஎஸ்பியின் செயலி 333 மெகாஹெர்ட்ஸ் வரை ஓடக்கூடியது, ஆனால் பேட்டரி நிற்க வேண்டும் என்பதற்காகக் கடையில் விற்கும் ஆட்டங்களுக்கு 222-க்கு மேல் சோனி அனுமதிக்கவில்லை, 2007-இல் 3.50 ஃபர்ம்வேர் வந்த பிறகுதான் அந்தக் கட்டுப்பாடு போனது. அனுமதியே வாங்காத ஹோம்ப்ரூகாரர்கள் அதற்கு முன்பே 333-இல்தான் ஓட்டிக்கொண்டிருந்தார்கள்.

அதற்கு விலை பேட்டரி. அது கரண்ட் கட் காலம், சாயங்காலம் மின்சாரம் போனால் எப்போது வரும் என்று யாருக்கும் தெரியாது. மொட்டை மாடியில் உட்கார்ந்து குவேக் ஆடுவோம், கடைசி விளக்கு சிமிட்ட ஆரம்பிக்கும்போது சரியாகப் பெரிய பூதம் எதிரே நிற்கும்.

அப்புறம் அந்தக் கன்ட்ரோல். பிஎஸ்பியில் ஒரே ஒரு நப், அதாவது விரலால் தள்ளுகிற குமிழ், இடதுபக்கம், கேரம் காய் மாதிரி தட்டையாக. இந்த மாதிரி ஆட்டத்துக்கு இரண்டு வேண்டும், ஒன்று நடக்க, ஒன்று பார்க்க. போர்ட் செய்தவர்கள் என்ன செய்தார்கள் என்றால், நப்பால் பார்வையைத் திருப்பி, வலதுபக்க நாலு பொத்தான்களையும் நடக்கிற விசைகளாக வைத்துக்கொள்ள வழி கொடுத்தார்கள். முக்கோணம் முன்னால், எக்ஸ் பின்னால், சதுரமும் வட்டமும் அங்கிட்டும் இங்கிட்டும். முதல் நாள் கை பின்னிக்கொள்ளும், சுவரில் முட்டி முட்டி நிற்போம். ஒரு வாரத்தில் விரலுக்குள் இறங்கிவிடும். இன்றைக்கும் அந்த நப்பைத் தொட்டால் என் வலது கட்டைவிரல் தானாக முக்கோணத்துக்குப் போகிறது. சைக்கிள் மாதிரி, மறக்காது.

நாங்களே இறக்க ஆரம்பித்தது 2009 வாக்கில். வீட்டு பிராட்பேண்டில் ராத்திரி 2 மணியிலிருந்து காலை 8 மணி வரை இறக்குவது கணக்கில் சேராது, அதனால் அலாரம் வைத்து எழுந்து டவுன்லோடு போட்டுவிட்டு மறுபடி படுப்போம். காலையில் ஆசையாக ஸ்டிக்கில் போட்டால் "கரப்டட் டேட்டா" என்று காட்டும், அல்லது ஆட்டம் திறக்க முடியவில்லை என்று 80020148 என்ற எண்ணைக் காட்டிவிட்டு நிற்கும். பிஎஸ்பி ஹோம்ப்ரூ பக்கம் வந்த எல்லோருக்கும் இந்த எண் வீட்டு போன் நம்பர் மாதிரி மனப்பாடம். பழைய போர்ட்கள் 1.50 ஃபர்ம்வேரின் கெர்னலுக்கு (அதன் மையப் பகுதி) எழுதியவை, ஸ்லிம் மாடலில் அந்தக் கெர்னல் கிடையாது, அதனால் அவற்றைத் திருத்திப் புதிதாகக் கம்பைல் செய்திருந்தால்தான் ஓடும். இதெல்லாம் புரிந்துகொள்ள முயன்றபோதுதான் கெர்னல் என்றால் என்ன, கம்பைல் என்றால் என்ன என்று நான் முதன்முதலில் படித்தேன். காலேஜில் சி மொழிப் பாடம் அதற்கப்புறம் வந்தது, சப்பென்று இருந்தது.

டிஎஸ் கதையைச் சுருக்கமாகவே சொல்கிறேன், எங்கள் செட்டில் ஒருத்தனிடம்தான் இருந்தது. ஆர்4 கார்டு, அதாவது மெமரி கார்டிலிருந்து ஆட்டம் ஓட்ட விடும் கார்ட்ரிட்ஜ், போட்டிருந்தான். அதில் பிரமாதமாகப் பொருந்தியது ஸ்கம்விஎம். 2001-இல் தொடங்கிய திட்டம் அது, பழைய புள்ளி-அழுத்து சாகச ஆட்டங்களின் எஞ்சினைப் புதிதாக எழுதியது. மவுசுக்குப் பதில் டிஎஸ்ஸின் குச்சி, வேறென்ன வேண்டும். பினீத் எ ஸ்டீல் ஸ்கை என்ற ஆட்டத்தை அதன் சொந்தக்காரர்களே 2003-இல் இலவசமாகக் கொடுத்துவிட்டார்கள், அதை அவன் அரைகுறை ஆங்கிலத்தில் படித்துப் படித்து முடித்தான்.

இப்போது அக்கா மகன் கேட்டதற்கு வருகிறேன். பிஎஸ்பியில் கடைக்கு வந்த பெரிய ஆட்டம் எதுவும் இன்றைக்குத் தொலைந்துபோகவில்லை. 2012-இல் வந்த பிபிஎஸ்எஸ்பிபி எமுலேட்டரைப் போனில் போட்டால் அதே ஆட்டம், அன்றைய 480க்கு 272 புள்ளித் திரையில் பார்த்ததைவிடப் பளிச்சென்று ஓடுகிறது. ஏக்கம் வந்தால் பத்து நிமிடத்தில் தீர்த்துக்கொள்ளலாம். போர்ட்டுக்கு அந்த வழி இல்லை. பிஎஸ்பி குவேக்கைப் போன் எமுலேட்டரில் ஓட்டலாம்தான், ஓடும். ஆனால் அந்தப் போனிலேயே குவேக் நேராக ஓடும்போது இது தம்பிக்குத் தைத்த சட்டையை, தம்பியைப் போல வேஷம் போட்ட அண்ணனுக்கு மாட்டுவது. அந்தப் போர்ட்டில் ரசிக்க இருந்ததெல்லாம் பற்றாக்குறையிலிருந்து வந்தது: ஒரே நப், 32 எம்பி ராமுக்குள் அடங்க வேண்டும் என்று குறைத்த படங்கள், வால் சேர்த்த எண்கள். பற்றாக்குறை இல்லாத இடத்தில் அது வெறும் மோசமான குவேக். ஸ்லிம்மில் 64 எம்பி இருந்தும் நிறைய போர்ட்கள் பழைய 32-க்கே வெட்டியவை, அதில்கூட எனக்கு ஒரு பிரியம் இருக்கிறது.

இதில் கொஞ்சம் சங்கடமான விஷயமும் உண்டு. போர்ட்டுக்குத் திறந்த அதே கதவு வழியாகத்தான் திருட்டு நகலும் வந்தது, கதவுக்கு இரண்டும் ஒன்றுதான். பஜாருக்கு வந்தவர்களில் நூற்றுக்கு ஒருவர்கூட ஹோம்ப்ரூ கேட்டு வந்திருக்க மாட்டார். "நாங்கள் ஹோம்ப்ரூவுக்காகத்தான் ஹேக் பண்ணினோம்" என்று இப்போது சொல்கிறவர்களைப் பார்த்தால் எனக்குச் சிரிப்பு வரும், நான் உட்பட. இந்தியச் சட்டம் இந்த வேறுபாட்டை ஓரளவு பார்க்கிறது: 1957 பதிப்புரிமைச் சட்டத்தில் 2012-இல் சேர்த்த 65ஏ பிரிவு, பூட்டை உடைப்பதை உரிமையை மீறும் எண்ணத்தோடு செய்தால்தான் குற்றம் என்கிறது. தண்டனை இரண்டு வருஷம் வரை சிறை. டூமின் ஜிபிஎல் நிரலை ஓட்டப் பூட்டைத் திறப்பதும், ஐஎஸ்ஓ போடத் திறப்பதும் அங்கே ஒன்றல்ல. போர்ட் செய்தவர்களும் எல்லாரும் யோக்கியர்கள் என்று சொல்ல மாட்டேன். ஜிபிஎல் நிரலை எடுத்து மாற்றினால் மாற்றிய மூலநிரலையும் கொடுக்க வேண்டும், பலர் ஓடும் கோப்பை மட்டும் விட்டுவிட்டுப் போய்விட்டார்கள். அதன் பலனைத்தான் இப்போது அனுபவிக்கிறோம்: அந்த ஒரு கோப்பு தொலைந்தால் அந்தப் போர்ட்டும் அதோடு தொலைந்தது, மறுபடி கம்பைல் செய்ய எதுவும் கையில் இல்லை.

இன்னும் செய்கிறவர்கள் செய்துகொண்டுதான் இருக்கிறார்கள். 2011 தொடக்கத்தில் சோனியின் பிஎஸ்3 கருவியின் பூட்டு உடைந்தபோது பிஎஸ்பியின் கையெழுத்துச் சாவிகளும் வெளியே வந்துவிட்டன, அதற்கப்புறம் பூட்டு என்பதே பேருக்குத்தான். குவேக் எஞ்சினிலிருந்து கிளம்பிய நாட்ஸி ஸோம்பீஸ் போர்ட்டபிள் என்ற ஆட்டம் இன்றும் பிஎஸ்பிக்கு வளர்ந்துகொண்டிருக்கிறது. மூலநிரல் வெளிவராத ஆட்டங்களையும் இப்போது விடுவதில்லை, விற்ற கோப்பைப் பிரித்துப் பார்த்து, வரிவரியாக அதே மாதிரி சி நிரலை எழுதிவிடுகிறார்கள்; சூப்பர் மாரியோ 64 அப்படி 2019-இல் வெளிவந்து பிஎஸ்பிக்கும் டிஎஸ்ஸின் அடுத்த மாடலுக்கும்கூட வந்து சேர்ந்தது. அதில் வழக்கு அபாயம் உண்டு. ஜிடிஏ 3-ஐ இதே முறையில் எழுதியவர்கள் மேல் அந்த ஆட்டத்தின் சொந்தக் கம்பெனியான டேக்-டூ 2021-இல் வழக்கே போட்டது. எனக்கு இந்தப் புதுப் போர்ட்கள் பிரமிப்பாக இருக்கின்றன, ஏக்கமாக இல்லை. விரலில் இறங்குகிற வயது தாண்டிவிட்டது போலிருக்கிறது.

தொலைந்தவை நிறைய. அன்றைக்கு ஆள்கள் கோப்புகளைப் போட்டு வைத்தது பெரும்பாலும் ஓசி இடங்களில். மெகாஅப்லோட் 2012 ஜனவரியில் ஒரே நாளில் மூடப்பட்டது, ரேபிட்ஷேர் 2015 மார்ச்சோடு முடிந்தது. பெயர்பெற்ற போர்ட்களை யாராவது எங்காவது எடுத்து வைத்திருக்கிறார்கள். ஒரு கெட்டிக்காரப் பையன் மூன்றாம் முறை திருத்தி விட்ட பதிப்பு, யாரோ கன்ட்ரோலை மட்டும் மாற்றிய பதிப்பு, இதெல்லாம் யார் மெமரி ஸ்டிக்கிலாவது கிடந்தால் உண்டு. "சோறு ஆறுதுடா" டூம் எந்த ஆவணக் காப்பகத்தில் இருக்கும்?

என் ஸ்டிக்கில் குவேக் பிழைத்துவிட்டது, டூம் ஃபோல்டரைத் திறந்தால் வாட் கோப்பு பூஜ்ய அளவு காட்டுகிறது. செல்லூர்க்காரன் இப்போது ஓசூரில், அவன் செட்டையே பழைய விலைக்குப் போட்டுவிட்டான். மற்ற இருவரும் கை விரித்துவிட்டார்கள். அப்போதுதான் பஜார் அண்ணன் ஹார்ட் டிஸ்க்கில் ஒரு காப்பி போட்டுக்கொண்டது நினைவுக்கு வந்தது.

போன ஞாயிற்றுக்கிழமை போனேன். கடை அதே கடை, தோரணம் முழுக்க இப்போது போன் கவர். அண்ணனுக்குத் தலை நரைத்துவிட்டது, என்னை அடையாளம் தெரியவில்லை, டூம் என்றதும் தெரியவில்லை, "சோறு ஆறுதுடா" என்று நான் சொல்லிக் காட்டியதும் சட்டென்று சிரித்துவிட்டார்.

"அந்த டிஸ்க்கா தம்பி... ஓடாம நின்னுபோச்சு. பழைய இரும்புக்காரன் வந்தப்ப, கெடந்த சார்ஜரு, டிவிடி பிளேயரோட சேர்த்து எடை போட்டுட்டேன். ஆச்சு, ஆறேழு வருஷம்." கொஞ்ச நேரம் யோசித்தவர், என் கையிலிருந்த போனை வாங்கித் திருப்பிப் பார்த்தார். "கிளாஸ் கீறியிருக்கே, மாத்தி விடவா?"

மாற்றிக்கொண்டு வந்தேன். 100 ரூபாய்.